விசாரணைக்கு யாருடைய வானில் போனீர்கள்?

கோப்பில் எழுதப்படாத ஒரு மத்தியானச் சாப்பாட்டைப் பற்றிச் சொல்லப்போகிறேன். அதை ஒழுங்கு செய்தவன் நான். சாப்பிட்டவர்களில் நானும் ஒருவன். அந்தச் சாப்பாட்டால் ஒரு பெண்ணின் காணி போகப் பார்த்தது. காணியைவிடப் பெரிய ஒன்று போயே விட்டது.

காணிக் கந்தோருக்கு உதவியாளர்களாகப் புதிதாகச் சேர்ந்திருக்கும் நீங்கள் என்னைவிடப் படித்தவர்கள். நான் புளியங்கூடலில் எட்டாம் வகுப்பைப் பாதியில் விட்டவன். காரைநகரில் வலை இழுத்தேன், மன்னாரில் உப்பு அள்ளினேன், வவுனியாவில் லொறிக் கிளீனராக ஓடினேன், முகாமில் ஒன்றரை வருடம் சோற்றுக்கு வரிசையில் நின்றேன். பிறகு தற்காலிகத் தொழிலாளியாகக் கந்தோருக்குள் நுழைந்து, பியோனாகி, அறுபது வயதில் வெளியே வந்தேன். ஓரிடத்தில் நில்லாத கால் எனக்கு. தீவு தீவாக அறிவித்தல் கொண்டு திரிகிற வேலை அந்தக் காலுக்குப் பிடித்திருந்தது. அதனால்தான் அதில் மட்டும் நிலைத்தேன்.

உங்கள் கடமைப் பட்டியலில் கோப்புத் தூக்குவது, அறிவித்தல் கொடுப்பது, கதவு திறப்பது எல்லாம் இருக்கும். விசாரணைக்குப் போகும் உத்தியோகத்தரை இறங்குதுறையில் யார் எதிர்கொள்வது, அவர் எந்த வாகனத்தில் ஏறுவது, எந்த வீட்டில் கை கழுவுவது என்பதை ஒழுங்கு செய்பவர்களும் நீங்கள்தான் என்று அதில் இருக்காது. எனக்கும் யாரும் சொல்லவில்லை. விசாரணை காணியில் தொடங்குகிறது என்று பல வருடம் நினைத்திருந்தேன். அது இறங்குதுறையிலேயே தொடங்கிவிடுகிறது.

எந்தத் தீவு என்று சொல்லமாட்டேன். பாலம் போகாத தீவுகளில் ஒன்று. ஆட்களின் பெயர்களையும் மாற்றியிருக்கிறேன். அங்கே பிலோமினா என்று ஒரு பெண் இருந்தார். ஐம்பது வயதிருக்கும். கடற்தொழில் செய்கிற குடும்பம். புருஷன் இல்லை. கடற்கரையோரமாக நான்கு பரப்பு அரச காணிக்கு அவருடைய பெயரில் அனுமதிப்பத்திரம் இருந்தது. அதில் ஓலைக் கொட்டில் ஒன்றும் ஒரு கிணறும். அந்தக் கிணற்றைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக ஏலாது. தீவில் பெரும்பாலான கிணறுகள் சவர், வாயில் வைத்தால் உப்புக் கரிக்கும். பிலோமினாவின் கிணறு நல்ல தண்ணீர்க் கிணறு. சுற்றியிருந்த பதினைந்து வீட்டுக்காரர் அதில்தான் குடிக்க அள்ளினார்கள்.

அதே தீவில் தவராசா என்பவர் வைத்திருந்த வான்தான் அங்கே இருந்த ஒரேயொரு வான். திருவிழாவுக்கு வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களை ஏற்றி இறக்குவார். அவர்கள் தங்குவதற்கு அறைகள் கட்ட அவருக்கு ஒரு காணி தேவைப்பட்டது. நல்ல தண்ணீர் உள்ள காணி. ஒருநாள் கந்தோருக்கு அவரிடமிருந்து கடிதம் வந்தது. பிலோமினா காணியைக் கைவிட்டு வருடக்கணக்காகிறது, அனுமதிப்பத்திரத்தை ரத்துச் செய்து தனக்குத் தரவேண்டும் என்று.

ரத்துச் செய்வதற்கு முன் விசாரணை வைக்கவேண்டும். அறிவித்தலை நான்தான் கொண்டு போனேன். பிலோமினா கிணற்றடியில் இருந்து கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார்.

“கைவிட்ட காணியோ?” என்றார். “அப்ப நான் ஆர், பேயோ?”

“அதை ஐயா வரேக்கை சொல்லுங்கோ அக்கா. வியாழக்கிழமை காணிக்கே வாறார். இருக்கிற கடுதாசி எல்லாத்தையும் எடுத்து வையுங்கோ. சாட்சியள் இருந்தாலும் கூட்டி வாங்கோ.”

“எத்தினை மணிக்கு?”

“காலமை வள்ளத்திலை வாறம். ஒன்பதரைக்கு நிப்பம்.”

அவர் எழுந்து ஒரு வாளி தண்ணீர் அள்ளி எனக்குச் செம்பில் தந்தார். வெயிலில் வந்தவன், ஒரே மூச்சில் குடித்தேன். இளநீர்போல இருந்தது. அந்த ருசியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

புதன்கிழமை தவராசாவுக்குத் தொலைபேசி எடுத்தேன். இதுதான் நான் விட்ட பிழை. இதை யாரும் என்னை ஏவிச் செய்விக்கவில்லை. நாங்கள் ஐயா என்று கூப்பிடும் காணி உத்தியோகத்தருக்குச் சீனி வருத்தம், முழங்கால் நோ. இறங்குதுறையிலிருந்து காணிக்கு ஒரு மைல். நல்ல மனிதனாக இருக்க நினைத்தேன்.

“அண்ணை, நாளைக்கு ஐயா வாறார். வான் கிடைக்குமோ?”

“இதென்ன கேள்வி! வான் மட்டுமோ, சாப்பாடும் எங்கடை வீட்டைதான். ஐயாவுக்கு நண்டு ஒத்துக்கொள்ளும்தானே?”

“அதெல்லாம் ஒத்துக்கொள்ளும்” என்று சிரித்தேன்.

எங்கள் பக்கத்தில் ஒரு பழக்கம் உண்டு. தீவுக்கு வந்த மனிதனை வெறும் வயிற்றோடு திருப்பி அனுப்பமாட்டார்கள். கடையும் கிடையாது. கந்தோர் ஆட்கள் எந்தத் தீவுக்குப் போனாலும் யாராவது ஒருவர் வீட்டில் சாப்பிடுவார்கள். அது யாருடைய வீடு என்று நாங்கள் யோசித்ததே இல்லை. வசதியான வீடு எதுவோ அதுதான். வசதியான வீடு எப்போதும் வழக்கில் ஒரு பக்கத்தில்தான் இருக்கும்.

வியாழக்கிழமை வள்ளம் நேரத்துக்குப் போனது. இறங்குதுறையில் வான் குளிரூட்டியைப் போட்டபடி நின்றது. நேரே காணிக்குப் போயிருந்தால் ஒன்பதரைக்கு நின்றிருப்போம். “முதல் ஒரு தேத்தண்ணி குடிச்சிட்டுப் போவம் ஐயா” என்றார் தவராசா. தேநீருக்குப் பிறகு அவர் தன்னுடைய காகிதங்களைக் காட்டினார். ஐயா கேட்டுக்கொண்டிருந்தார். எதிர்த்தரப்பு இல்லாத இடத்தில் ஒரு தரப்பின் முழுக் கதையும் கேட்கப்பட்டது. கதிரையில், மின்விசிறிக்குக் கீழே. பிறகு, “அங்கை ஒரே வெயில், சாப்பிட்டிட்டே போவம்” என்றார் தவராசா. நண்டுக் குழம்பு, கணவாய்ப் பிரட்டல், முருங்கையிலைச் சுண்டல். நான் மூன்று நண்டு சாப்பிட்டேன். பொய் சொல்லமாட்டேன், ருசியாகத்தான் இருந்தது.

காணிக்குப் போனபோது ஒன்றரை மணி. திரும்பும் வள்ளம் இரண்டரைக்கு.

பிலோமினா காலை ஏழு மணியிலிருந்து அங்கே நின்றிருக்கிறார். அவர் கூட்டி வந்திருந்த இரண்டு சாட்சிகளும் பன்னிரண்டு மணிவரை நின்றுவிட்டுத் தொழிலுக்குப் போய்விட்டார்கள். கடல் யாருக்கும் காத்து நிற்காது. அவர் மட்டும் கடுதாசிகள் போட்டு முடிந்த ஒரு சீலைப்பையை மார்போடு அணைத்தபடி வேலி ஓரத்தில் நின்றார்.

வான் கதவு திறந்தது. ஐயா இறங்கினார். தவராசா அவருடைய தலைக்கு மேலே குடை பிடித்தார். நான் கோப்போடு பின்னால் இறங்கினேன். பிலோமினா வானைப் பார்த்தார். குடையைப் பார்த்தார். அவருக்குக் கையொப்பப் பலகையைக் கொடுக்கக் கிட்டப் போனபோது என் கையைப் பார்த்தார். சவர்க்காரம் போட்டுக் கழுவியும் நண்டு மணம் போகவில்லை.

“அம்மா, சொல்லுங்கோ” என்றார் ஐயா.

அவர் வாயே திறக்கவில்லை.

“இந்தக் காணியிலை இருக்கிறீங்களோ, இல்லையோ? ஏதாவது சொல்லுங்கோ. வள்ளத்துக்கு நேரமாகுது.”

பிலோமினா சீலைப்பையின் வாயை இன்னொரு முடிச்சுப் போட்டு இறுக்கினார். அவ்வளவுதான்.

ஐயா எழுதினார்: ‘அனுமதிப்பத்திரதாரர் சமூகமளித்திருந்தார். கூறுவதற்கு எதுவுமில்லை. கையொப்பமிட மறுத்தார்.’ சாட்சிக் கையொப்பத்துக்கு ஓர் ஆள் தேவைப்பட்டது. நான் போட்டேன். அந்தப் பெண் எதுவும் கூறவில்லை என்பது உண்மை. கூறுவதற்கு எதுவுமில்லை என்பது பச்சைப் பொய். இரண்டுக்கும் நடுவில் ஒரு நண்டுச் சட்டி கிடந்தது. அது கோப்பில் இல்லை.

மூன்று மாதத்தில் அனுமதிப்பத்திரம் ரத்து. அந்தக் கடிதத்தையும் நான்தான் கொண்டு போனேன்.

“நண்டு நல்லாயிருந்ததோ?” இதுதான் பிலோமினா முதலில் கேட்டது.

“அக்கா, நீங்கள் அண்டைக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தால்...”

“ஆரிட்டைச் சொல்ல? அவன்ரை வானாலை இறங்கி, அவன்ரை குடைக்குக் கீழை நிண்டு கேட்டால் நான் ஆரிட்டைச் சொல்ல?” பிறகு குரலை இறக்கினார். “அந்த நண்டு ஆர் பிடிச்சதெண்டு தெரியுமோ? என்ரை தம்பி. விடியக் கொண்டுவந்து காட்டினவன். ‘தவராசாவர் வீட்டிலை ஆரோ பெரிய ஆக்கள் வருகினமாம், பெரிய நண்டாக் கேட்டவர்’ எண்டு சிரிச்சுக்கொண்டு போறான். அப்பவே எனக்கு விளங்கிட்டுது. அதுக்குப் பிறகும் மத்தியானம்வரைக்கும் நிண்டன். ஏன் நிண்டன்? நீங்கள் சாப்பிடாமல் வருவியள் எண்டு ஒரு நப்பாசை.”

லொறிக் கிளீனராக இருந்தபோது ஒரு முதலாளி என்னைச் செருப்பால் அடித்திருக்கிறான். அது இவ்வளவு உறைக்கவில்லை.

“மேன்முறையீடு எழுதுங்கோ அக்கா.”

“என்னெண்டு எழுதிறது?”

“நடந்ததை நடந்த மாதிரி. வானை எழுதுங்கோ. நண்டையும் எழுதுங்கோ.”

எழுதினார். அவருடைய தம்பியின் மகள் பள்ளிக்கூடக் கொப்பித் தாளில் எழுதிக் கொடுத்தாள். பிரதி எங்கள் கந்தோருக்கு வந்தது. என்ன நடந்தது தெரியுமா? சிரித்தார்கள். ‘நண்டு அப்பீல்’ என்று பெயர் வைத்தார்கள். தேநீர் நேரத்தில் ஒருவர் படித்துக் காட்டினார். “என்ரை பக்கக் கதையைக் கேட்க முதலே அவையின்ரை வயிறு அவன்ரை பக்கம் போயிட்டுது” என்று ஒரு வரி இருந்தது. அதற்குத்தான் அதிகச் சிரிப்பு. பட்டம் பெற்றவர்கள், இரண்டு பக்கத்தையும் ஒரே மாதிரிக் கேட்கவேண்டும் என்கிற இயற்கை நீதியைப் பரீட்சைக்குப் பாடமாக்கி எழுதியவர்கள் அவர்கள். அந்தப் பாடம் முழுவதும் ஒரே வரியில் கொப்பித் தாளில் வந்து நின்றபோது அடையாளம் காணவில்லை.

மேலிடத்தில் யாரோ ஒருவர் சிரிக்காமல் படித்திருக்கவேண்டும். வேறு உத்தியோகத்தரைக் கொண்டு விசாரணையை மறுபடி நடத்தும்படியும், முதல் முறை எந்த வாகனத்தில் போனீர்கள் என்று விளக்கம் தரும்படியும் கடிதம் வந்தது. ஐயா என்னைக் கூப்பிட்டார்.

“வானைக் கந்தோர் வாடகைக்குப் பிடிச்சதெண்டு ஒரு கடிதம் தாரும்.”

“எனக்கு எழுத்துப் பிழை வரும் ஐயா. எட்டாம் வகுப்பு.”

“நான் எழுதிறன். நீர் கையெழுத்தைப் போடும்.”

“ஒருக்கால் போட்டனான் ஐயா. அதுதான் இப்ப பிரச்சினை.”

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். “நீர் பென்சன் எடுக்க இன்னும் ஒண்டரை வருஷம் இருக்கு, என்ன?” என்றார், மிக மெதுவாக. நான் வெளியே வந்து வாளியை எடுத்துப் பூக்கன்றுகளுக்குத் தண்ணீர் ஊற்றினேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை. கையெழுத்து மட்டும் போடவில்லை.

இரண்டாவது விசாரணைக்கு வந்தவர் வேறு பிரிவிலிருந்து வந்த இளம் உத்தியோகத்தர். மிஸ் என்றுதான் கூப்பிடுவோம். ஒழுங்கு செய்வது மறுபடி என் பொறுப்பு. இந்த முறை யாருக்கும் தொலைபேசி எடுக்கவில்லை. இரண்டு சாப்பாட்டுப் பார்சல், இரண்டு போத்தல் தண்ணீர், இரண்டு குடை. “மிஸ், ஒரு மைல் நடக்கவேணும்” என்றேன். “நடப்பம்” என்றார்.

இறங்குதுறையில் தவராசா வான் கதவைத் திறந்தபடி நின்றார்.

“மிஸ், ஏறுங்கோ, வெயில் கொளுத்துது.”

“நடக்கிறம் அண்ணை” என்றேன்.

“என்ன பியோன் அண்ணை, போன முறை உமக்குக் கால் இருக்கேல்லையோ?” என்றார் தவராசா.

கேள்வி நியாயமானது. நாங்கள் நடந்தோம். வான் எங்களுக்குப் பின்னால், ஆள் நடக்கும் வேகத்தில், ஒரு மைலும் ஊர்ந்து வந்தது.

காணிக்குள் போனோம். ரத்துக் கடிதத்தைக் காட்டித் தவராசா தற்காலிக அனுமதி வாங்கியிருந்தார். கிணற்றில் மோட்டார் பூட்டி, ஏழெட்டு வீடு தள்ளி அவர் கட்டிக்கொண்டிருந்த இன்னொரு கட்டடத்துக்குக் குழாய் இழுத்திருந்தார். மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. பிலோமினா மட்டும் கொட்டிலை விட்டுக்கொடுக்காமல் அங்கேயே குடியிருந்தார்.

அவர் எங்களுக்காக இரண்டு கதிரை போட்டு, அதில் ஒன்றுக்குத் துவாய் விரித்து வைத்திருந்தார். இரண்டு கிளாசில் தேநீரோடு வந்தார்.

“வேண்டாம் அம்மா” என்றார் மிஸ். “விசாரணை முடியும்வரைக்கும் ஆரிட்டையும் ஒண்டும் குடிக்கக் கூடாது.”

அதுதான் சரி. நூற்றுக்கு நூறு சரி. ஆனால் பிலோமினாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்கவேண்டும்.

“அவன்ரை நண்டு இறங்கின தொண்டையிலை என்ரை தேத்தண்ணி இறங்காதோ?”

“அது வேறை ஆள் அம்மா. நான் வேறை ஆள்.”

“கந்தோர் ஒண்டுதானே பிள்ளை.”

அவர் கிளாசுகளைக் கிணற்றுக் கட்டில் வைத்தார். சீலைப்பையை எடுத்தார். முடிச்சை இறுக்கத் தொடங்கினார். எனக்கு அந்த விரல்களைத் தெரியும். இன்னும் ஒரு நிமிடத்தில் அவர் மறுபடி வாய் மூடிவிடுவார். மறுபடி எழுதப்படும், ‘கூறுவதற்கு எதுவுமில்லை’ என்று. இந்த முறை எழுதுகிறவர் நடந்து வந்தவர், பச்சைத் தண்ணீரும் குடிக்காதவர். கோப்பு சுத்தமாக இருக்கும். அதை எந்த மேன்முறையீட்டாலும் அசைக்க ஏலாது.

பியோனுக்கு விசாரணையில் வாய் கிடையாது. அது உங்களுக்கும் சொல்லித் தந்திருப்பார்கள். எனக்கு வாய் வந்துவிட்டது.

“மிஸ், முதல் என்ரை வாக்குமூலத்தை எழுதுங்கோ.”

“நீங்கள் ஆர் பக்கம்?”

“கந்தோர்ப் பக்கம். போன முறை தவராசா அண்ணையிட்டை வான் கேட்டது நான். அவர் வீட்டிலை சாப்பாட்டுக்கு ஓம் சொன்னது நான். நானும் சாப்பிட்டனான். ஒன்பதரைக்கு வாறம் எண்டு இந்த அக்காவுக்குச் சொல்லிப்போட்டு ஒண்டரைக்கு வந்தனாங்கள். அதுக்குள்ளை இவவின்ரை சாட்சியள் போயிட்டினம். சொல்ல ஒண்டுமில்லை எண்ட கடுதாசியிலை சாட்சிக் கையெழுத்து என்ரை. அது பிழையான கையெழுத்து.”

மிஸ் பேனாவைத் திறக்கவில்லை. “இதை எழுதினால் உங்களுக்குத்தான் பிரச்சினை வரும்.”

“எழுதுங்கோ.”

எழுதினார். எழுதியதை உரத்து வாசித்தார். தவராசா பொங்கி எழுந்தார்.

“சாப்பாடு போட்டது குற்றமெண்டால் இந்தத் தீவிலை எல்லாரும் குற்றவாளியள்தான்! வந்த மனுசனைப் பட்டினி போடச் சொல்லுறியளோ? நான் கேக்காமல் அவைதானே எனக்குப் போன் எடுத்தவை!”

“அதையும் எழுதுறன்” என்றார் மிஸ். எழுதினார். அதையும் வாசித்துக் காட்டி, சரிதானா என்று அவரிடம் கேட்டார். தவராசா ஒரு சொல்லைத் திருத்தினார். திருத்தத்தையும் எழுதினார். உண்மையைச் சொன்னால், அந்த மனிதர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. அவர் தன் காரியத்தைப் பார்த்தார். வெட்கப்படவேண்டியது நாங்கள்.

பிலோமினா எங்கள் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு நிலத்தில் குந்தியிருந்து, பல்லால் இழுத்து அந்த முடிச்சை அவிழ்த்தார்.

இந்த முறையும் வந்திருந்த சாட்சிகளை, அவர்கள் தொழிலுக்குப் போகவேண்டும் என்பதால், மிஸ் முதலில் கேட்டார். வருடா வருடம் அந்தக் கிணற்றை இறைத்துத் துப்புரவாக்கியவர்கள் அவர்கள். பிறகு பிலோமினா பேசினார். இரண்டு மணித்தியாலம். வருடத்தில் மூன்று மாதம் தொழிலுக்காக முல்லைத்தீவுக் கரைக்குப் போவதை அவர் மறைக்கவில்லை. “கடல்காரர் மீன் போற பக்கம் போவினம். போனால் வீட்டை விட்டதெண்டோ? கொழும்பிலை உத்தியோகம் பாக்கிறவையும் வீட்டைப் பூட்டிப்போட்டுத்தானே போகினம்? அவையின்ரை காணியைக் கேட்டு ஆரும் கடிதம் போடேல்லையே!” என்றார். மிஸ் அதைச் சொல் மாறாமல் எழுதினார்.

கடைசியாகக் கிணற்றுப் பேச்சு வந்தது. மோட்டார் பூட்டியபிறகு தண்ணீர் மாறிவிட்டது என்றார் பிலோமினா. கிணறு நன்றாகத்தான் இருக்கிறது என்றார் தவராசா. மிஸ் இரண்டையும் எழுதி, ‘நீரைப் பரிசோதிக்க உரிய திணைக்களத்துக்கு எழுதப்படும்’ என்று முடித்தார். மோட்டாரை நிறுத்தச் சொல்ல அன்று தனக்கு அதிகாரம் இல்லை என்றார். நாங்கள் பார்சலை இறங்குதுறையில் வந்து சாப்பிட்டோம்.

முடிவு வர பதினொரு மாதம் எடுத்தது. அனுமதிப்பத்திரம் பிலோமினாவுக்கே. முதல் விசாரணை செல்லாது என்று ஒரு பந்தி எழுதியிருந்தார்கள். என்னுடைய வாக்குமூலத்துக்காக என்னிடம் மூன்று தடவை விளக்கம் கேட்டார்கள். ஓய்வூதியக் கோப்பு யாரோ ஒருவருடைய மேசையில் ஏழு மாதம் படுத்திருந்தது. ஐயா பதவி உயர்வோடு மாற்றலாகிப் போனார். பிரியாவிடையில் ‘நேர்மையின் சிகரம்’ என்று பேசினார்கள். கேக் வெட்டியதைப் பரிமாறினவன் நான். நண்டுக்காக ஒரு ஆளும் பதில் சொல்லவில்லை, என்னைத் தவிர.

ஓய்வு பெற்றபிறகு ஒருநாள் சும்மா வள்ளம் ஏறிப் போனேன். இறங்குதுறையில் எனக்கு வானும் இல்லை, குடையும் இல்லை. நடந்தேன். மோட்டாரைக் கழற்றியிருந்தார்கள். கிணற்றுக் கட்டில் குழாய் பூட்டிய இடம் மட்டும் சிமெந்து பூசிக் கிடந்தது.

“ஆர், பியோன் அண்ணையோ? இருங்கோ” என்றார் பிலோமினா. “இப்ப உங்களுக்குக் கந்தோருமில்லை, விசாரணையுமில்லை. குடிப்பியள்தானே?”

தேநீர் தந்தார். ஒரு மிடறு குடித்தேன். சீனி போட்டிருந்தது. அதையும் மீறி உப்புக் கரித்தது. கொஞ்ச நேரம் வாயில் வைத்திருந்துதான் விழுங்கினேன். பதினைந்து வீட்டுக்காரர் குடித்த கிணறு. எங்கள் தீவுகளில் நல்ல தண்ணீர் என்பது உப்புத் தண்ணீருக்கு மேலே மிதக்கிற மெல்லிய ஆடை. அளவுக்கு மிஞ்சி இறைத்தால் அடியில் இருப்பது மேலே வந்துவிடும். வாளியால் அள்ளிய கிணற்றை ஒன்றரை வருடம் மோட்டாரால் உறிஞ்சியிருக்கிறார்கள். இப்போது எல்லோரும் பவுசர் வண்டியில் வரும் தண்ணீருக்குப் பாத்திரம் வைத்துக் காத்திருக்கிறார்கள்.

“அண்டைக்கு அந்தப் பிள்ளைக்கு நீட்டினதும் இந்தத் தேத்தண்ணிதான்” என்றார். “அப்ப இவ்வளவு இல்லை. சாதுவாத்தான் கரிக்கத் தொடங்கினது. ஒரு மிடறு குடிச்சிருந்தால் அதுக்கு விளங்கியிருக்கும்.”

“அக்கா, அதைச் சொல்லியிருக்கலாமே. ருசி பாருங்கோ எண்டு.”

“வேண்டாமெண்ட ஆளுக்கு இன்னொருக்கால் எப்பிடி நீட்டிறது?”

மிஸ் செய்ததில் பிழை சொல்லமாட்டேன். நாளைக்கு நீங்களும் அப்படித்தான் மறுக்கவேண்டும். ஆனால் மறுத்தபிறகு, ‘ஏன் அம்மா தாறியள்?’ என்று ஒரு கேள்வி கேளுங்கள். நாங்கள் முதல் முறை வாயைத் திறந்து அவரைக் கெடுத்தோம். இரண்டாம் முறை வாயை மூடிக் கெடுத்தோம். இரண்டு முறையும் அவர் சொல்ல வந்தது எங்கள் தொண்டையைத் தாண்டிக் காதுக்கு வரவில்லை. தண்ணீர்ப் பரிசோதனைக்கு எழுதிய கடிதத்துக்குப் பதில் இன்னும் வரவில்லை என்று கேள்வி.

கிளாசை முழுவதும் குடித்து முடித்தேன். அதைக் கீழே வைக்க ஏலாது என்று எனக்குத் தெரியும்.

“எப்பிடி இருக்கு?” என்றார்.

“உப்புக் கரிக்குது அக்கா.”

பிலோமினா வெறும் கிளாசை என் கையிலிருந்து வாங்கினார்.

“அதைக் கோப்பிலை எழுதுங்கோ” என்றார்.